மாடி வீட்டுச் சாட்சி

செவ்வாய்க்கிழமை, இரவு

இன்று கோர்ட்டில் என்னைக் கூண்டில் ஏற்றினார்கள். இந்த வீட்டை வாப்பா எனக்கு ஹிபா என்னும் தானமாக, வாய்வார்த்தையாகவே கொடுத்தார். அவர் மௌத்தான பிறகு என் கூடப்பிறந்த அண்ணன், காக்கா, தனக்கும் பங்குண்டு என்று வழக்குப் போட்டிருக்கிறார்.

"வீட்டை ஒப்படைச்சிட்டு உங்க வாப்பா எங்க போனாரு?" என்று காக்காவின் வக்கீல் கேட்டார்.

"எங்கயும் போகல. கடைசி வரைக்கும் எங்கூடத்தான் இருந்தாரு."

"அப்ப வீடு அவரு கையிலதான இருந்திருக்கு?"

கண் தெரியாத மனிதரை நான் எங்கே அனுப்புவேன்?

வெளியே வந்ததும் எங்கள் வக்கீல் தைரியம் சொன்னார். வாப்பா கொடுத்ததை மட்டும் சொன்னால் போதாதாம். வீடு என் பொறுப்புக்கு வந்ததையும் காட்ட வேண்டுமாம். அதற்கு மாடியில் குடியிருக்கும் நாசரேத் சார் இருக்கிறார். "இனிமே வாடகைய எம்மவகிட்டத்தான் கொடுக்கணும்" என்று வாப்பா அவரிடம் நேரிலேயே சொன்னார். அதைக் கேட்டவர்களில் இன்று உயிரோடு இருப்பவர் அவர் ஒருவர்தான். நாளைக்கு அவர் சாட்சி சொல்ல வேண்டும்.

சாயங்காலம் நான் வீடு திரும்பும்போது காக்கா மாடிப்படியில் இறங்கி வந்தார். என் முகத்தைப் பார்க்காமலே பைக்கை எடுத்துக்கொண்டு போனார். நான் மேலே ஓடினேன். சாரின் மனைவி கதவைப் பாதிதான் திறந்தார்.

"சாருக்குத் தலைவலிம்மா. தூங்குதாங்க."

அவருக்குப் பின்னால் சார் நாற்காலியில் உட்கார்ந்து தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

இப்போது மேலே பீரோவை நகர்த்துகிற சத்தம் கேட்கிறது. வீட்டைக் காலி செய்கிறார்களா என்று ஏறிப்போய்க் கேட்கப் பயமாக இருக்கிறது. கேட்டால் சாட்சி சொல்ல வரமாட்டேன் என்று சொல்லிவிடுவார்.