பூட்ஸுக்குள் காகிதம்

பீட்டர்ஸ்பர்க், 1862 பிப்ரவரி

அம்மாவுக்கு எவ்கிராஃபின் வணக்கம். உங்கள் மூட்டுவலி குறைந்ததா? நான் நன்றாகவே இருக்கிறேன்.

பத்திரிகை ஆசிரியர் லாவ்ரெந்தி குஸ்மிச் என் கதையைத் திருப்பித் தந்துவிட்டார். உள்ளதை உள்ளபடி எழுதவேண்டும் என்று மாதாமாதம் தலையங்கம் தீட்டுகிற மனிதர்! கதையில் ஒரு மாணவன், பூட்ஸ் ஓட்டையைக் காகிதத்தால் அடைத்துக்கொண்டு பனியில் நடக்கிறான். "எவன்யா அப்படி நடப்பான்? நிஜத்துல நடக்கறதை எழுதுய்யா!" என்று கணப்புப் பக்கம் காலை நீட்டிக்கொண்டு சிரிக்கிறார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கதையைச் சுருட்டி எடுத்துக்கொண்டு எழுந்து வந்துவிட்டேன்.

கவலைப்படாதீர்கள், அந்த மாணவன் வெறும் கற்பனைதான். காய்ந்த காளான் கொஞ்சம் அனுப்புங்கள். தபால் வண்டி கிளம்பப் போகிறது.

எவ்கிராஃப்

பி.கு.: அப்பாவின் பழைய பூட்ஸ் இருந்தால் அதையும் அனுப்புங்கள். என் கதை மொத்தம் பன்னிரண்டு தாள். ஈரத்தில் இரண்டு நாள்கூடத் தாங்கவில்லை.