வெள்ளிக்கிழமை பத்தரை மணி

14 ஜூன் 2025, சனி

காலையில் கறன்ற் போய்ப் பத்து நிமிடத்தில் வந்தது. கணினி மட்டும் வரவில்லை. வயரை மாற்றிப் பார்த்தேன், பிளக்கை மாற்றிப் பார்த்தேன், தட்டியும் பார்த்தேன். ம்ஹும். சின்ன விளக்குக்கூட எரியவில்லை.

அப்பாவின் கல்வெட்டு அதற்குள்தான் இருக்கிறது.

இந்த ஏழு வருடத்தில் இணுவிலில் நான் அடித்து வடிவமைத்த கல்வெட்டுகள் நாற்பதுக்கு மேல். முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக்கு வருபவர்கள் கையில் கொடுக்கிற அந்த நினைவுப் புத்தகத்தை ஒரு வீட்டுக்கும் நான் பிந்திக் கொடுத்ததில்லை. எல்லாருடையதையும் பென்டிரைவில் இன்னொரு பிரதி எடுத்து வைப்பேன். அப்பாவுடையதை மட்டும் வைக்கவில்லை. மடைச்சி!

பரவாயில்லை. அந்தியேட்டி 29ஆம் திகதி. 23ஆம் திகதி அச்சகத்துக்குக் கொடுத்தால் போதும். செய்துபோடுவேன்.

15 ஜூன், ஞாயிறு

செந்தூரன் அண்ணா ரொறன்ரோவில் இருந்து போன் எடுத்தார். கணினி பழுதென்று சொன்னேன். "உதோடை மினக்கெடாதை. நான் ஒண்டு எழுதி அனுப்புறன், அதை அடி." உடனே அனுப்பியும்விட்டார். 'கருணைக் கடலே, கற்பக விருட்சமே' என்று தொடங்குகிறது. அப்பா கேட்டிருந்தால் சிரித்தே இருமியிருப்பார்.

அப்பா, தபால் கந்தோரில் கிளாக்கராக இருந்த சீவரத்தினம், தன் கல்வெட்டைத் தானே பார்த்துவிட்டுப் போனவர். தை மாதம் ஆஸ்பத்திரியால் வந்தவுடனே, "என்ரை கல்வெட்டிலை பிழை திருத்திப்போட்டுத்தான் போவன்" என்றார். மூன்று முறை திருத்தினார். நான் எழுதிய 'கொடைவள்ளல்' என்பதை வெட்டி, 'ஆருக்கு என்ன குடுத்தனான்?' என்று ஓரத்தில் எழுதினார்.

கடைசித் திருத்தத்தில், சகோதரர் பட்டியலுக்குக் கீழே கமலாவதி மாமியின் பெயரையும் எழுதினார். அவரும் அப்பாவின் தங்கைதான். 1984இல் காங்கேசன்துறைக் கடற்தொழில் குடும்பத்தில் ஒருவரைத் தானே விரும்பிக் கலியாணம் செய்து போனதோடு, எங்கள் வீட்டில் அந்தப் பெயர் நின்றுபோனது. அண்ணா எழுதியதில் அப்பாவுக்கு ஒரே தங்கை, பத்மாவதி மாமி.

அப்பா திருத்திய தாளை ஸ்கான் பண்ணிக் கணினியில் போட்டேன். தாள் இப்போது இல்லை. செத்தவீடு முடிந்து வீடு கழுவியபோது, கட்டிலடிக் கடதாசிகளோடு அதையும் எரித்துவிட்டார்கள். இனி நானாக அந்தப் பெயரைப் போட்டால், நானே செருகியது என்பார்கள். எனக்கு அப்பாவின் கையெழுத்து வேண்டும்.

16 ஜூன், திங்கள்

யாழ்ப்பாணம் ரவுணில் ஒரு கணினி திருத்தும் கடை. முதலே போனில் அவர்களின் இணையப் பக்கத்தில் நேரம் பதிய வேண்டும். பார்த்தேன், இந்தக் கிழமை முழுக்க நிரம்பிக் கிடக்கிறது. வெள்ளிக்கிழமை பத்தரை மட்டும் வெறுமையாய் இருந்தது. உடனே பதிந்தேன்.

பத்மாவதி மாமி முப்பத்தொன்று முடியும்வரை எங்களோடு நிற்கிறார். கேட்டவுடன் தலையில் கை வைத்தார். "எடி பிள்ளை, வெள்ளிக்கிழமை பத்தரைக்கு ராகுகாலம் எல்லோ! செத்தவீட்டுத் துடக்குக்காரி, உந்த நேரத்திலையோ போகப்போறாய்? ஒன்பதுக்கு மாத்து."

வாய்க்கு வாய் கொடுக்க மனமில்லை. பதிந்ததை நீக்கிவிட்டு ஒன்பது மணியைத் தேடினேன். இல்லை. பத்தரையும் இல்லை. அடுத்த நேரம் ஜூலை இரண்டாம் திகதி!

முதலில் புதிய நேரத்தைப் பிடித்துவிட்டுத்தானே பழையதை விட வேண்டும்? ஊருக்கெல்லாம் புத்தி சொல்கிறவள் நான். கையை விட்டேனே. மாமிக்கு ராகுகாலம்தான் பயமா, கமலாவதி என்ற பெயர் பயமா? கேட்கவில்லை. கேட்டிருந்தால் சண்டைதான்.

17 ஜூன், செவ்வாய்

கடைக்கே போன் எடுத்தேன். பெர்னடெட் என்ற பெண் பேசினாள். திருத்துவதும் அவள்தானாம்.

"வெள்ளி பத்தரையோ? பயப்பிடாதேங்கோ அக்கா, அது கிடக்கு. நீக்கினால் ஒரு நாளைக்குக் காட்டாது, அவ்வளவுதான். ராகுகாலமெண்டு அதை ஒருத்தரும் எடுக்கமாட்டினம். ஆக்கள் வராத நேரமெண்டபடியால் கரைச்சலான மெஷினுகளை நான் அப்பதான் ஆறுதலாய்த் திறக்கிறனான்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அப்பா போன பிறகு இன்றுதான் வாய்விட்டுச் சிரித்தேன்.

20 ஜூன், வெள்ளி

ஒன்பதரைக்கே வீட்டை விட்டு இறங்கினேன். "வெளிக்கிடுற நேரம்தானே மாமி கணக்கு?" என்றேன்.

பெர்னடெட் பெட்டியைக் கழற்றி, ஊதித் துடைத்து, எதையெதையோ தொட்டுப் பார்த்தாள். கடையில் வேறு ஒரு சனமும் இல்லை. "போர்ட் எரிஞ்சுபோச்சு அக்கா. ஆனால் டிஸ்க் இருக்கு." டிஸ்கைத் தன் கணினியில் கொழுவினாள். "எது வேணும்?"

திறந்தது. அப்பாவின் சாய்ந்த எழுத்து. 'கமலாவதியையும் போடு. அவளும் என்ரை தங்கச்சி.'

கடையிலேயே அழுதுவிட்டேன். பெர்னடெட் ஃபானை என் பக்கம் திருப்பிவிட்டு, எல்லாவற்றையும் இரண்டு பென்டிரைவில் ஏற்றித் தந்தாள்.

21 ஜூன், சனி

அண்ணாவுக்கு அப்பா எழுதியதன் படத்தை அனுப்பினேன். கொஞ்ச நேரம் கழித்துப் போன் எடுத்தார். "அப்பான்ரை எழுத்துத்தான். அடி." கருணைக் கடலைப் பற்றி இருவருமே பேசவில்லை.

பத்மாவதி மாமியிடமும் காட்டினேன். கண்ணாடியைப் போட்டு நீண்ட நேரம் பார்த்தார். பிறகு எழுந்துபோய்த் தேங்காய் துருவத் தொடங்கினார்.

22 ஜூன், ஞாயிறு

கமலாவதி மாமியின் இலக்கத்தைத் தேடிப் பிடித்துப் போன் எடுத்தேன். யார் என்று சொன்னேன். அந்தியேட்டிக்கு வரச் சொன்னேன்.

"செத்தவீட்டுக்கு வந்தனான் மோனை. றோட்டிலை நிண்டு அண்ணையைப் பாத்திட்டுப் போனனான்."

எங்கள் வாசலில் இருந்து இருபது அடி. நான் பார்க்கவில்லையே.

23 ஜூன், திங்கள்

அச்சகத்துக்குக் கொடுத்தாயிற்று. சொன்ன நாளில்.

29 ஜூன், ஞாயிறு

காலையில் கீரிமலைக்குப் போய்க் கடலடியில் கிரியை செய்து வந்தோம். பன்னிரண்டு மணிபோல் கமலாவதி மாமி வந்தார். வெள்ளைச் சேலை, கையில் ஒரு பை. கேற்றடியில் தயங்கினார். ஓடிப்போய்க் கூட்டிவந்து விறாந்தையில் இருத்தினேன். சனம் திரும்பிப் பார்த்தது. பார்க்கட்டும்.

பத்மாவதி மாமி உள்ளே இருந்து வந்தார். ஒரு கல்வெட்டை எடுத்தார், சகோதரர் பக்கத்தைப் பிரித்தார்.

"எடி வினோஜா, என்ன பிழை விட்டு அடிச்சு வைச்சிருக்கிறாய்?"

"அப்பா எழுதினபடிதான் மாமி. கீழைதான் எழுதியிருந்தவர்."

"அண்ணை இடமில்லாமல் கீழை எழுதினால்? உவ எனக்கு மூத்தவ. எனக்குப் பிறகோ போடுறது? பேனை கொண்டா."

கொண்டுவந்தேன். பத்மாவதி மாமி அதை வாங்கி, கமலாவதி மாமிக்குப் பக்கத்தில் கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். பந்தி முடியும்வரை இருவரும் எழும்பவில்லை. கொடுக்காமல் நூற்றுச் சொச்சம் கல்வெட்டுகள் மிச்சம் இருந்தன. கமலாவதி மாமி ஒவ்வொன்றாய்ப் பக்கத்தைப் பிரித்துக் கொடுக்க, பத்மாவதி மாமி அந்தப் பெயரில் இருந்து தன் பெயருக்கு மேலே ஒரு அம்புக்குறி போட்டுக்கொண்டே இருந்தார்.