தியேட்டரில் நான் போட்ட சத்தம்

என் செல்ல மகளுக்கு,

நான் சொல்லச் சொல்ல, அடுத்த வீட்டு ஒக்புன் எழுதுகிறாள். நேற்று அவள்தான் என்னைக் குன்சான் தியேட்டருக்குக் கூட்டிப்போனாள். குருட்டு அப்பனுக்குக் கண் கிடைக்க வேண்டுமென்று மகள் தன்னையே கடலுக்குப் பலியாக மாலுமிகளுக்கு விற்றுவிடுகிற, நம் கொரியாவின் அந்தப் பழைய கதைதான் படம். திரையில் நடப்பதையெல்லாம் ஒக்புன் என் காதில் சொல்லிக்கொண்டே வந்தாள்.

"கப்பல் நுனியில நிக்கிறா, அண்ணே. பாவாடையத் தூக்கி முகத்த மூடிக்கிட்டா..."

நான் எழுந்து, "குதிக்காதடி! உன்னைக் கொடுத்துட்டு எனக்குக் கண்ணு எதுக்கு?" என்று கத்திவிட்டேன்.

"உக்காருங்க அண்ணே, அது சினிமா!" என்று ஒக்புன் என் சட்டையைப் பிடித்து இழுத்தாள். யாரும் சிரிக்கவில்லை.

கடைசியில் அப்பனுக்குப் பார்வை வந்ததும் எல்லோரும் கைதட்டினார்கள். மகள் போனபின் அந்த மனுஷனுக்குச் சோறு எப்படி இறங்கியது என்றுதான் நான் யோசித்தேன்.

என் கண் ஆபரேஷனுக்குப் பணம் சேர்க்க ஜெர்மனி ஆஸ்பத்திரியில் இன்னும் மூன்று வருஷம் நர்ஸாக இருக்கப்போவதாகவும், அங்கே சுரங்கத்தில் வேலை செய்யும் நம் நாட்டுப் பையனை வேண்டாமென்று சொல்லிவிட்டதாகவும் எழுதியிருந்தாய். வேண்டாம், அம்மா. அவனைக் கூட்டிக்கொண்டு ஊருக்கு வா. மாப்பிள்ளை முகத்தை நான் கையால் தடவிப் பார்த்துக்கொள்கிறேன்.

உன் அப்பா