கட்சாலுக்கு வராத கப்பல்

மே 5, 1974. ஞாயிறு

ரேடியோவில் 'ஞாயிறு கலகலப்பு' நிகழ்ச்சி முடிந்து ஷாதிபூர் வீட்டுக்கு வந்து சேர ஒன்பது மணி ஆகிவிட்டது. வழியில் நாலு பேர் மறித்தார்கள். எல்லாருக்கும் ஒரே வேண்டுதல்தான். "அரே ஜஹாஸ் பாய், ஏக் பார் பஜாவ் நா!" 'கப்பல் அண்ணன்' ஒரு தரம் கப்பல் சங்கு மாதிரி ஊதிக் காட்ட வேண்டுமாம். ஊதினேன். சாதாரண மனுஷனாக நடந்து வீடு சேர எனக்குக் கொடுத்து வைக்கவில்லை. வியாகுலம் என்ற பெயரே பாதிப் பேருக்கு மறந்துபோச்சு.

வயது ஐம்பத்திரண்டு. 1952-ல் தூத்துக்குடியிலிருந்து கடல் தாண்டி இந்தத் தீவுக்கு, சாத்தம் மர மில்லுக்கு வந்தவன். மில் ஆட்களைப் போலப் பேசிக் காட்டப் போய், கோயில் திருவிழா மேடை, சங்க மேடை, கல்யாண வீடு என்று பழக்கமாகிவிட்டது. பத்து வருஷமாக ரேடியோ. பகலில் கப்பல் ஆபீஸ் ஜீப்பில் மைக் பிடித்து எந்தக் கப்பல் எந்தத் தீவுக்கு என்று கத்துகிறேன். சாயங்காலம் அதையே ரேடியோ ஸ்டேஷனில் வாசிக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை அதையே கேலி செய்கிறேன். ஒரே பிழைப்பை மூன்று தரம் பிழைக்கிறேன்.

கேலிக்கு எப்போதும் 'கொக்குத் தீவு' என்று இல்லாத தீவைத்தான் சொல்வேன். இன்று கட்சால் என்று மாற்றினேன். ரப்பர் தோட்டத்திலிருந்து பத்துப் பேர் கையெழுத்துப் போட்டு, எங்க தீவு பேரையும் ஒரு தடவை ரேடியோவில் சொல்லுங்க என்று கடிதம் போட்டிருந்தார்கள். இலங்கையிலிருந்து வந்த சனம். ஆசைப்பட்டுக் கேட்டதைச் செய்தால் என்ன? புதிதாக எழுத அலுப்பு, ஆபீஸ் அறிவிப்புத் தாளையே எடுத்து வாசித்தேன். "நாளைக் காலை எட்டு மணிக்குக் கட்சாலுக்குக் கப்பல் வருகிறது. நோயாளிகளுக்கு முதல் இடம்." அதற்குப் பிறகுதான் கேப்டனின் மாமியார் வந்து சங்கை ஊதவிடாமல் செய்கிற கூத்து.

மே 9

தொண்டை கட்டிவிட்டது. சுக்குக் கஷாயம். ஜீப்புக்குப் போனேன்.

மே 12. ஞாயிறு

இன்று மறுபடி கொக்குத் தீவு. பத்து வருஷம் முடிவதால் ஜூனில் ஒரு விசேஷ நிகழ்ச்சி வைக்கலாம் என்கிறார் ஸ்டேஷனில் நிகழ்ச்சி பார்க்கிற பக்தவத்சலம். ஆட்களை உள்ளே உட்கார வைத்து, சிரிப்பொலியோடு. சந்தோஷம் வர வேண்டும். தூக்கம்தான் வருகிறது.

மே 21. செவ்வாய்

எழுதக் கை வரவில்லை. எழுதித்தான் ஆக வேண்டும்.

கட்சால் கப்பல் இன்று வந்தது. ஜெட்டியில் நின்றிருந்தேன். ஒருவனைத் தூளி கட்டி இறக்கினார்கள். பின்னால் ஒரு பொம்பளை, கையில் தகரப் பெட்டி. கப்பலில் வேலை பார்க்கிற ராஜமாணிக்கம் என்னை ஒதுக்குப்புறமாகக் கூட்டிப்போய்ச் சொன்னான்.

"அண்ணே, காடு வெட்டும்போது கால்ல கத்தி பட்டுருக்கு. கம்பவுண்டர் கட்டுப் போட்டு, ஈரம் படாம படுத்துருன்னு சொல்லிருக்காரு. உங்க புரோகிராம கேட்டுட்டு, மறுநாள் கப்பல்னு நம்பி ஜெட்டிக்குத் தூக்கிட்டு வந்துட்டாங்க. ரெண்டு நாள் மழையிலயே காத்துருக்காங்க. நாளைக்கு வரும், நாளைக்கு வரும்னு. புண்ணு அழுகிப்போச்சு."

நான் கேட்டேன், "அது கேலின்னு தெரியலையா?"

"உங்க குரல்தானே அண்ணே. வாரத்துல ஆறு நாளும் அதைக் கேட்டுத்தானே மூட்டை கட்டுறோம்."

நான் அதைச் சொல்லிப் பதினாறு நாள் கழித்துத்தான் நிஜக் கப்பல் அங்கே போயிருக்கிறது. இந்தப் பதினாறு நாளில் நான் எத்தனை பேருக்கு சங்கு ஊதிக் காட்டியிருப்பேன்!

மே 22

அவன் காலை முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்களாம்.

மே 23

ஆஸ்பத்திரிக்குப் போனேன். சொல்லி மன்னிப்புக் கேட்கத்தான் போனேன், சத்தியமாக. அவன் பெயர் உதயசூரியன். முப்பது வயசுகூட இருக்காது. நான் வாயைத் திறந்தேன் — வந்தது என் குரல் இல்லை. மில்லில் என்னோடு வேலை பார்த்து செத்துப்போன மலையாளி குறுப்பின் குரல். ரேடியோவில் நான் ஒருநாளும் போடாத குரல். "எந்தா மோனே, வேதனை உண்டோ?"

அவன் நிமிர்ந்து பார்த்தான். "நீங்க யாருங்க ஐயா?"

"குறுப்பு. இவிடெயாணு ஜோலி."

கேவலம். இருபத்திரண்டு வருஷத் தொழில் இதற்குத்தான் உதவியது, ஒளிந்துகொள்ள.

மே 24

மறுபடியும் போனேன். என் மனைவி சூசைமேரியிடம் உண்மையைச் சொல்லி மீன் குழம்பு வாங்கிப் போனேன். "போயிட்டு வாங்க. ஆனா அந்த ஆளுகிட்ட எத்தன நாளைக்கு இப்படியே நடிக்கப் போறிய?" என்று மட்டும் கேட்டாள்.

வார்டு நர்சுக்கு என்னைத் தெரியும். பேரைச் சொல்லிக் கூப்பிட வாயெடுத்தாள். கையெடுத்துக் கும்பிட்டேன். முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

மே 26. ஞாயிறு

கப்பல் இல்லாமல் நிகழ்ச்சி செய்தேன். என்னென்னவோ பேசினேன். பக்தவத்சலம் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நெற்றியைத் தேய்த்துக்கொண்டிருந்தார்.

மே 28

இன்று தெரிந்தது. அந்தப் பொம்பளை அவன் மனைவி, பொன்னம்மா. வார்டு வராந்தாவிலேயே உட்கார்ந்திருக்கிறாள். உள்ளே வந்து துணியை மாற்றுகிறாள், பாத்திரம் கழுவுகிறாள், திரும்பப் போய் உட்காருகிறாள். அவன் அவளிடம் ஒரு வார்த்தை பேசுவதில்லை.

ஏன் என்று குறுப்பு கேட்டான். அதாவது நான்.

"இந்தக் கழுத பேச்சக் கேட்டுத்தாங்க கால் போச்சு. அடுத்த லயத்து வீட்டு ரேடியோவில கப்பல்னு கேட்டுட்டு ஓடி வந்தா. முழுசாவும் கேக்கல. அது வேடிக்க புரோகிராமுன்னு ஊருக்கே தெரியும், இவளுக்குத் தெரியல. படுத்துருந்தவன எழுப்பித் தூக்க வச்சவ இவதான். பொஞ்சாதியா இது?"

"ரேடியோவில் அங்ஙனெ பறஞ்ஞவன்டெ குற்றம் அல்லே?"

"அவன் கோமாளிங்க. அவன் என்ன செய்வான்? இவளுக்கு அறிவு எங்க போச்சு?"

என்னை மன்னித்தே விட்டான். நான் கேட்காமலேயே! என் பங்கையும் சேர்த்து அவள் தலையில் கட்டிவிட்டான். வெளியே வந்தபோது அவள் தூணில் சாய்ந்து காலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவளுடைய இரண்டு காலையும்.

மே 30

போகவில்லை. காய்ச்சல் என்று சொல்லிக்கொண்டேன். காய்ச்சல் இல்லை.

ஜூன் 2. ஞாயிறு

நிகழ்ச்சிக்கு முன்னால் ஆஸ்பத்திரி. வராந்தாவில் பொன்னம்மா எழுந்து நின்றாள்.

"ஐயா, நான் ஆக்குறத தொடமாட்டேங்கிறாரு. நீங்க குடுத்தா தின்னுறாரு. இத உங்க வீட்டுச் சோறுன்னு சொல்லிக் குடுங்களேன். நேத்துலருந்து பட்டினி."

வாங்கிக்கொண்டு போனேன். "என்டெ வீட்டில் வச்சதா" என்றேன். சாப்பிட்டான். நல்லா இருக்குங்க ஐயா, உங்க வீட்டம்மாவுக்குக் கைமணம் என்றான். வராந்தா சன்னலுக்கு வெளியே அவள் கேட்டுக்கொண்டிருந்தாள். சிரித்தாள் என்று நினைக்கிறேன். பார்க்கத் தைரியம் இல்லை.

ராத்திரி சூசைமேரி, "அந்தப் பொம்பளப் புள்ள பாவம் உங்க மேலதான் வந்து விழும், பாத்துக்கிடுங்க" என்றாள். கோபம் வந்தது. தட்டைத் தள்ளிவிட்டு எழுந்துவிட்டேன். அவள் சொன்னது சரி என்பதால் வந்த கோபம். கால் போனது போச்சு, அதை நான் திருப்பிக் கொடுக்க முடியாது. இவள் விஷயம் அப்படியா? ஒரு வார்த்தையில் முடிகிறதை வைத்துக்கொண்டு என்னத்துக்கு நாளைக் கடத்துகிறேன்? அவன் கண்ணில் கோமாளியாக இருப்பது அவ்வளவு சுகமாகவா இருக்கிறது?

ஜூன் 4. செவ்வாய்

சொல்லிவிட்டேன்.

முதலில் பொன்னம்மாவை உள்ளே கூப்பிட்டேன். அவள் கட்டில் கால்மாட்டில் நின்றாள். அவன் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டான். என் சொந்தக் குரலில் பேசினேன். "உதயசூரியன், நான் குறுப்பு இல்ல. ரேடியோவுல கட்சாலுக்குக் கப்பல்னு சொன்னவன் நான்தான். எப்பவும் இல்லாத தீவு பேரைத்தான் சொல்லுவேன். அன்னைக்கு உண்மையான தீவைச் சொல்லி, உண்மையான தாளை வாசிச்சேன். அவ மேல தப்பு இல்ல."

மெதுவாகத் திரும்பினான். பிறகு, "அத அப்படியே சொல்லு" என்றான்.

"எதை?"

"அன்னைக்குச் சொன்னியே, அத. அப்படியே."

சொன்னேன். வார்டு முழுக்கக் கேட்டது. "நாளைக் காலை எட்டு மணிக்குக் கட்சாலுக்குக் கப்பல் வருகிறது. நோயாளிகளுக்கு முதல் இடம்." கடைசிக் கட்டிலில் ஒரு வங்காளி கிழவர் குரலை அடையாளம் கண்டு, "அரே, ஜஹாஸ் பாய்!" என்று சத்தமாகச் சிரித்தார். பழக்கதோஷம். என் ஆயுசில் நான் வாங்கிய சிரிப்பிலேயே அதுதான் என்னைக் கொன்றது.

உதயசூரியன் என்னைப் பார்க்கவில்லை. அவளைப் பார்த்தான். ஒரு மாதத்தில் அவளிடம் பேசிய முதல் பேச்சு.

"இதத்தான் கேட்டியா?"

"இதேதான்."

"இப்படிச் சொன்னா எவன்தான் நம்பமாட்டான்?"

அவள் அழ ஆரம்பித்தாள். அவன் அலுமினிய டம்ளரை எடுத்து என் மேல் எறிந்தான். நெற்றியில் பட்டது. "நாயே! என் சோத்துக்கு நடுவுல வந்து உக்காந்து பேர மாத்திப் பேசுனியே! வெளிய போ!" நர்சு ஓடி வந்து என்னைத்தான் பிடித்து வெளியே தள்ளினாள். நியாயம்.

ஜூன் 6

ஸ்டேஷனில் இனி கப்பல் கேலி வேண்டாம் என்று சொன்னேன். காரணத்தையும் சொன்னேன். பக்தவத்சலம் நல்ல மனுஷன், வருத்தப்பட்டார். "ஆனா அண்ணே, கப்பல் இல்லாம நீங்க என்ன செய்வீங்க? போன ரெண்டு வாரம் நானும் கேட்டேனே" என்றார்.

நானும்தான் கேட்டேன். நிகழ்ச்சியை விட்டுவிடுகிறேன் என்று எழுதிக் கொடுத்துவிட்டு வந்தேன்.

ஜூன் 9. ஞாயிறு

அந்த நேரத்துக்கு யாரோ ஒரு பெண் வீணை வாசித்தாள். நன்றாகத்தான் இருந்தது.

ஜூன் 14. வெள்ளி

இன்று கட்சால் கப்பல். நேற்று ஊர்க்கோடி லம்பா லைன் வரை ஜீப்பில் போய் அறிவித்தேன். கடைசியில், "இது உண்மையான அறிவிப்பு" என்று சேர்த்துக்கொள்கிறேன் இப்போதெல்லாம். அதற்கும் சிரிக்கிறார்கள்.

அவர்கள் போகிறார்கள் என்று தெரிந்துதான் ஜெட்டியில் ஓரமாக நின்றேன். தோட்டத்தில் அவனுக்கு உட்கார்ந்து செய்கிற வேலை தருவார்களாம், ராஜமாணிக்கம் சொன்னான். அவள் தோளைப் பிடித்துக்கொண்டு, கட்டையை ஊன்றி ஏறினான். மேல்தட்டில் மூட்டை மேல் இருவரும் உட்கார்ந்தார்கள். அவன் கண்ணில் நான் பட்டுவிட்டேன்.

கட்டையை என் பக்கம் நீட்டி அவளிடம் ஏதோ சொன்னான். திட்டுகிறான் என்று முகத்திலேயே தெரிந்தது. அவளும் என்னைப் பார்த்து, கையை ஆட்டி, தன் பங்குக்கு நாலு வார்த்தை சேர்த்தாள். அவன் தலையாட்டி இன்னும் ஏதோ சொன்னான். அவள் குறுக்கே பேசினாள். கப்பல் விலகி, ஆள் முகம் தெரியாத தூரம் போகிற வரைக்கும் இரண்டு பேரும் ஓயவே இல்லை. நான் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன்.