எதிரே உட்காருங்கள்

எதிர்த்தரப்பு வக்கீல் அவர்களுக்கு,

நலம். வேளைக்குச் சாப்பிடுகிறேன், கேட்காதீர்கள்.

இன்று உங்கள் மனைவி உங்கள் மானத்தை வாங்கிவிட்டாள். கம்பெனியின் பழைய தொழிற்சாலையை ஏன் மூட வேண்டும் என்று இயக்குநர்கள் கூட்டத்தில் நான்தான் பேசினேன். நன்றாகவே பேசினேன். முடித்து உட்கார்ந்ததும், பேனாவைத் திறந்து பிடித்தபடி எதிர்ப்பக்கத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"யாருக்கும்மா வெயிட் பண்றீங்க?" என்றார் சேர்மன்.

"தொழிலாளர் பக்கம் யாரு சார் பேசப்போறாங்க?" என்று கேட்டுவிட்டேன்.

அறையே சிரித்தது. "கோர்ட்டை விட்டு வந்து இத்தனை வருஷமாச்சு, இன்னும் பழக்கம் போகலையா? இங்க எல்லாரும் ஒரே பக்கம்தாம்மா."

நானும் சிரித்தேன். பிறகு என்ன தோன்றியதோ, எழுந்து அந்தப் பக்கத்தையும் நானே பேசினேன். சற்று முன் நான் சொன்னதையெல்லாம் நானே கிழிகிழியென்று கிழித்தேன். வழக்குக்கு முந்தின நாள் நம் சாப்பாட்டு மேசையில் எதிரே உட்கார்ந்து நீங்கள் செய்வீர்களே, அதைத்தான் செய்தேன். இந்த முறை யாரும் சிரிக்கவில்லை. முடிவைத் தள்ளிவைத்துவிட்டார்கள். நாளை என்னைத் தனியாக வரச் சொல்லியிருக்கிறார் சேர்மன்.

அது கிடக்கட்டும். இந்த வேலைக்கு வரப்போகிறேன் என்று அதே மேசையில் நான் வாதாடிய அன்று, "உன் இஷ்டம்" என்று சொல்லிவிட்டுத் தட்டைக் கழுவப் போய்விட்டீர்கள். என் வாதத்தை நீங்கள் மறுக்காமல் விட்டது அந்த ஒரு நாள்தான்.

சனிக்கிழமை வருகிறேன். மேசையில் குவித்து வைத்திருக்கும் கேஸ் கட்டுகளை ஒதுக்கிவிட்டு எதிரே உட்காருங்கள். அன்று சொல்லாததை இப்போதாவது சொல்லுங்கள்.

இப்படிக்கு,
உங்களிடம் தோற்றுப் பழகியவள்