பாரிஸ் வரை திறக்கக் கூடாத பெட்டிகள்

ஹால்பர்ஷ்டாட்,
1914 ஆகஸ்ட் 12

அன்புள்ள ரைன்ஹோல்ட்,

நீங்கள் சுகமாகப் போய்ச் சேர்ந்தீர்களா என்று கேட்டுத்தான் தொடங்க வேண்டும். ஆனால் எங்கே போய்ச் சேர வேண்டும் என்பது ராணுவ ரகசியம் என்று ஸ்டேஷனில் சொன்னார்கள். அந்த ரகசியத்தை உங்கள் ரயில்பெட்டியின் மேல் யாரோ சாக்பீஸால் "பாரிஸுக்குச் சுற்றுலா" என்று கொட்டை எழுத்தில் எழுதியிருந்தார்கள். அதனால் பாரிஸில் சுகமாக இருப்பீர்கள் என்று எண்ணிக்கொள்கிறேன்.

எங்கள் பட்டறையில் தைத்த வெள்ளைத் தோல் கையுறைகள் நான்கு பெட்டிகளும் உங்கள் வண்டியில் ஏறியதைக் கண்ணால் பார்த்தேன். பாரிஸுக்குள் அணிவகுத்து நுழையும்போது படைக்கு வெறுங்கை கூடாதாம். ரொட்டி வண்டி எங்கே என்று கேட்டேன். பின்னால் வரும் என்றார் உங்கள் அதிகாரி. கையுறை முன்னால், ரொட்டி பின்னால். பட்டறைக் கண்காணிப்பாளராக எனக்குப் பெருமைதான்.

ஒரு காரியம் செய்திருக்கிறேன், கோபிக்காதீர்கள். மூன்றாம் பெட்டியில், கையுறைகளுக்கு அடியில், தம்பி எவால்டுக்காக ஒரு பாட்டில் பிளம் ஜாம் வைத்திருக்கிறேன். தபாலில் அனுப்பினால் வழியிலேயே யாராவது நக்கிவிடுவார்கள். அவன் உங்கள் ரெஜிமெண்டில்தானே நடக்கிறான், எடுத்துக் கொடுத்துவிடுங்கள். பெட்டிக்கு ஈய முத்திரை வைப்பார்கள் என்று அப்போது எனக்குத் தெரியாது.

நீங்கள் போன நாளிலிருந்து ஓரிடத்தில் உட்கார முடியவில்லை.

உங்கள் ஒட்டிலி


பெல்ஜியத்தில் எங்கோ,
ஆகஸ்ட் 21

என் பிரியமான ஒட்டிலிக்கு,

உன் கடிதம் கிடைத்தது. நலம். குதிரைகளும் நலம்.

ஜாம் விஷயத்தில் நீ செய்தது தவறு. அரசாங்கச் சரக்குக்குள் சொந்தப் பொருள் வைப்பது குற்றம். மனைவி என்பதால் மேலிடத்துக்கு எழுதவில்லை. பெட்டிகளின் மேல் தெளிவாக அச்சிட்டிருக்கிறது: எதிரியின் தலைநகர் முன் படை நின்ற பிறகு, ஓர் அதிகாரியின் முன்னிலையில் மட்டுமே திறக்கப்பட வேண்டும். ஆகவே ஜாம் பாரிஸ் வரை காத்திருக்கும். பாரிஸ் அதிக தூரம் இல்லை என்று எல்லோரும் சொல்கிறார்கள்.

எவால்டிடம் இதைச் சொன்னேன். நேற்று என் சரக்கு வண்டிக்குப் பக்கத்தில் நடந்து வந்தான். காலெல்லாம் கொப்புளம், வாய் மட்டும் குறையவில்லை.

"அத்தான், பெட்டிய லேசா ஒரு ஓரமா நெம்புங்க. நான் வெரல விட்டு எடுத்துக்கறேன்."

"முத்திரை இருக்குடா."

"முத்திரைய நான் தின்னப்போறதில்ல அத்தான், ஜாமத்தான் தின்னப்போறேன்."

பக்கத்தில் நடந்தவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். ஒழுங்கைப் பார்த்துச் சிரிக்கும் படையை வைத்துக்கொண்டு எப்படி ஒரு நகரத்துக்குள் நுழைவது என்று எனக்குக் கவலையாக இருக்கிறது.

நாள் முழுக்க நடை. நின்றால் உத்தரவு வருகிறது, நடந்தால் எதிர் உத்தரவு வருகிறது. வண்டி நின்ற பிறகும் உடம்புக்குள் சக்கரம் ஓடிக்கொண்டே இருக்கிறது.

உன் ரைன்ஹோல்ட்


ஹால்பர்ஷ்டாட்,
ஆகஸ்ட் 30

அன்புள்ள ரைன்ஹோல்ட்,

இங்கே வெற்றிக்கு மேல் வெற்றி. ஒவ்வொரு வெற்றிக்கும் கதீட்ரல் மணி அடிக்கிறது, பள்ளிக்கு விடுமுறை விடுகிறார்கள். இப்படியே போனால் நம் ஊரில் கணக்குத் தெரிந்த தலைமுறை ஒன்று குறைந்துபோகும். அடுத்த வீட்டு கீனாஸ்ட் அம்மாள் நேற்று வாசலில் பிடித்துக்கொண்டாள்.

"ஏம்மா ஒட்டிலி, ஒங்க வீட்டுக்காரர் பாரிஸ் போனதும் எனக்கு ஒரு தொப்பி வாங்கியாரச் சொல்லேன். எறகு வெச்சது."

"போர்தானே பண்ணப் போயிருக்காரு, கடைக்கா போயிருக்காரு?"

"அட, போர் முடிஞ்ச அன்னிக்குச் சாயங்காலம் சும்மாத்தானே இருப்பாரு!"

முதலாளி லூடெக்கே கையுறைகளுக்கு இரண்டாம் ஆர்டர் வாங்கிவிட்டார். பாரிஸில் ஒரே நாள் அணிவகுப்பு போதாதாம்.

ஆனால் நகரசபைச் சுவரில் இன்னொரு தாளும் ஒட்டுகிறார்கள். வெற்றி பெற்றவர்களில் யார் யார் திரும்ப மாட்டார்கள் என்ற தாள். மணி அடித்ததும் எல்லோரும் சதுக்கத்துக்கு ஓடுகிறார்கள், நான் அந்தச் சுவருக்கு ஓடுகிறேன். எழுத்து வரிசையில் எவால்டின் இடத்தைத் தாண்டும் வரை மூச்சு விடுவதில்லை.

அம்மா செத்தபோது அவனுக்கு ஐந்து வயது. அவன் தலையில் பேன் பார்த்ததும், பள்ளிக்கூடத்தில் அவனுக்காகத் திட்டு வாங்கியதும் நான்தான். உங்களைக் கல்யாணம் செய்தபோது சீதனமாக அவனையும் கூட்டிக்கொண்டுதான் வந்தேன், நீங்களும் முகம் சுளிக்கவில்லை. அதனால் உங்களிடம் ஒன்றே ஒன்று கேட்கிறேன். பாரிஸ் கிடைத்தாலும் கிடைக்காவிட்டாலும் அவனை என்னிடம் திரும்பக் கொண்டுவந்து சேருங்கள். பெட்டியையும் திறந்துவிடுங்கள். பிளம் ஜாமில் எந்த ராணுவ ரகசியமும் இல்லை, கொஞ்சம் பட்டை போட்டிருக்கிறேன், அவ்வளவுதான்.

உங்கள் ஒட்டிலி


மார்ன் ஆற்றுக்குத் தெற்கே,
செப்டம்பர் 5

என் பிரியமான ஒட்டிலிக்கு,

பாரிஸுக்கு வழி காட்டும் பலகையைப் பார்த்துவிட்டோம்! எங்கள் கர்னல் குதிரையை நிறுத்தி அதற்கு சல்யூட் வைத்தார். பிறகு நாங்கள் இடப்பக்கம் திரும்பினோம். பலகை காட்டியது வலப்பக்கம். இதற்குப் பெரிய காரணம் உண்டு என்கிறார்கள். எனக்குச் சொல்லப்படவில்லை.

எவால்ட் வழக்கம்போல் பேசினான். "அத்தான், பாரிஸ் அந்தப் பக்கம்."

"தெரியும்டா."

"கர்னலுக்குத் தெரியுமா?"

அப்படிப் பேசாதே என்று அதட்டினேன். ஆள் மெலிந்துவிட்டான். ரொட்டி வண்டிகள் எங்களை எட்டிப் பிடிக்கவே இல்லை. தோட்டத்துக் காய் ஆப்பிளைத் தின்று படை முழுவதும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு நடக்கிறது. முந்தாநாள் கர்னல் என்னைக் கூப்பிட்டனுப்பினார். ரொட்டி பற்றித்தான் என்று நினைத்தேன்.

"கையுறை எல்லாம் நனையாம இருக்கா சார்ஜண்ட்?"

"ஒரு சொட்டு படல ஐயா."

"பிரமாதம். ஒங்கள மாதிரி நாலு பேர் இருந்தா போதும்."

இந்தப் படையில் இதுவரை என்னைப் பெயர் சொல்லிக்கூட யாரும் கூப்பிட்டதில்லை. உனக்கு இது புரியும் என்று நினைக்கிறேன்.

ஜாம் பத்திரமாக இருக்கிறது. இன்னும் சில நாள்தான். எவால்டைக் கவனித்துக்கொள்கிறேன், கவலைப்படாதே. வலது பக்கமிருந்து பீரங்கிச் சத்தம் கேட்கிறது. அந்தப் பக்கம் யாரும் இருக்கக் கூடாது என்பது திட்டம்.

உன் ரைன்ஹோல்ட்


ஹால்பர்ஷ்டாட்,
செப்டம்பர் 13

அன்புள்ள ரைன்ஹோல்ட்,

ஒரு வாரமாக மணி அடிக்கவில்லை. பத்திரிகை ஆபீஸ் ஜன்னலில் பெரிய வரைபடம் மாட்டி, தினமும் ஒரு பையன் கொடி ஊசியைப் பாரிஸ் பக்கம் நகர்த்திக் குத்துவான். புதன்கிழமை வரைபடத்தையே காணோம். ஏன் என்று கேட்டேன். "தூசி தட்ட எடுத்துருக்கோம்" என்றார் எழுத்தர். இன்னும் தட்டிக்கொண்டிருக்கிறார்கள்.

எல்லாம் திட்டப்படி நடக்கிறது என்று பத்திரிகை போடுகிறது. அதனால் கையுறை ஆர்டரும் திட்டப்படி நடக்கிறது. ஞாயிற்றுக்கிழமையும் தைக்கிறோம். தைத்துக்கொண்டிருக்கும்போதே எழுந்து ஜன்னலுக்குப் போகிறேன், திரும்பி வருகிறேன். கால் நிற்பதில்லை.

எவால்டைப் பற்றி ஒரு வரி போதும். அழகாக எழுத வேண்டாம்.

ஒட்டிலி


எய்ன் ஆற்றுக்கு வடக்கே,
செப்டம்பர் 16

என் பிரியமான ஒட்டிலிக்கு,

எவால்ட் உயிரோடு இருக்கிறான். அதாவது, நான் கடைசியாகப் பார்த்தபோது இருந்தான்.

நாங்கள் இடம் மாறினோம். வேறு சொல்லை எழுதக் கூடாது என்று உத்தரவு. முன்பு வலப்பக்கம் இருந்த பாரிஸ் இப்போது முதுகுப்பக்கம் இருக்கிறது. அவ்வளவுதான் வித்தியாசம்.

புறப்பட்ட அன்று ஒரு கிராமத்துக் களஞ்சியத்தில் காயம்பட்டவர்களை வைக்கோல் மேல் கிடத்தியிருந்தார்கள். எவால்டுக்குத் தொடையில் குண்டு. டாக்டர் சாலைக்கு ஓடிவந்து, வண்டியில் இடம் இருப்பவர்கள் ஆளுக்குச் சிலரை ஏற்றிக்கொள்ளுங்கள் என்று கத்தினார். எவால்ட் என்னைப் பார்த்துவிட்டான். "அத்தான், எனக்கு ஒரு மூலை போதும். உக்காந்துகிட்டே வந்துருவேன்" என்றான்.

நான் பெட்டிகளைப் பள்ளத்தில் உருட்டிவிட்டேன், ஒட்டிலி. நான்கையும். நீங்கள் தைத்தது எல்லாம் சேற்றில் போயிற்று, உன் பட்டறைப் பெண்களிடம் மன்னிப்புக் கேட்டதாகச் சொல். ஆறு பேரை ஏற்றினேன். அதற்கு மேல் குதிரைகள் இழுக்காது. எவால்ட் ஏழாவது ஆளாக இருந்தான். டாக்டர்தான் வரிசை வைத்தார்.

ஜாம் பாட்டிலை மட்டும் எடுத்துக்கொண்டு போய் அவன் பக்கத்தில் உட்கார்ந்தேன். ஸ்பூனால் ஊட்டினேன். "அக்கா பட்டை போட்டிருக்கா" என்றான். முகம் தெளிவாக இருந்தது. எங்களுக்குப் பின் அங்கே வரும் பிரெஞ்சு டாக்டர்கள் கெட்டிக்காரர்கள் என்று கேள்வி.

உன் ரைன்ஹோல்ட்


ஹால்பர்ஷ்டாட்,
செப்டம்பர் 25

என் அன்பு ரைன்ஹோல்ட்,

உங்கள் கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு கோட்டைச் சுவர் வரை நடந்து போய் அழுதேன். பிறகு திரும்பி வந்தேன், இன்னொரு முறை படித்தேன்.

ஒரு கட்டளையை மீறுவது உங்களுக்கு என்ன பாடு என்று எனக்குத் தெரியும். காய்கறிக் கடைக்காரன் தவறுதலாக அதிகம் போட்ட உருளைக்கிழங்கைத் திருப்பிக் கொடுக்க மழையில் நடந்து போன மனிதர் நீங்கள். நீங்களா ஈய முத்திரையை உடைத்தீர்கள்! பதினாறு வருஷத்தில் இல்லாத ஒன்று தோன்றியது: மறுபடி பெண் கேட்டு வந்தால் மறுபடியும் சரி என்பேன்.

எவால்டைத் தேடி ஜெனீவாவிலுள்ள செஞ்சிலுவைச் சங்கத்துக்கு எழுதிவிட்டேன். சாப்பிட்டுவிட்டுத்தான் கிடந்தான், பக்கத்தில் நீங்கள் இருந்தீர்கள். அதை நினைத்துத்தான் இரண்டு நாள் தூங்கினேன்.

பட்டறையில் பெண்களிடம் பெருமையாகச் சொன்னேன். கை தட்டினார்கள். முதலாளி லூடெக்கேயிடமும் சொன்னேன். அவர் கை தட்டவில்லை. "நாலு பெட்டியுமா?" என்றார்.

ஒன்று செய்யுங்கள். அந்த ஆறு பேரின் பெயரை எழுதியனுப்புங்கள். நம் ஊர்ப் பையன்களாகத்தான் இருப்பார்கள். அவர்கள் வீட்டுக்குப் போய்ச் சொல்லிவிட்டு வருகிறேன். காலுக்கும் ஒரு வேலை ஆகும்.

என்றும் உங்கள் ஒட்டிலி


வடக்கு பிரான்ஸ்,
அக்டோபர் 4

என் பிரியமான ஒட்டிலிக்கு,

நலம். குளிர் தொடங்கிவிட்டது. இப்போது படை நகர்வதில்லை, மண்ணைத் தோண்டி உள்ளே இறங்கிவிட்டது. நகராத வண்டியில் எனக்குத் தூக்கம் வருவதில்லை.

பெட்டி விஷயத்தை ஊரில் அதிகம் பேசாதே. ராணுவ விஷயம். முதலாளியிடம் சொன்னது தேவையில்லாதது. அந்த ஆறு பேரின் பெயரை நான் கேட்டுக்கொள்ளவில்லை. அவசரம். வேறு ரெஜிமெண்டாகவும் இருக்கலாம். நீ யார் வீட்டுக்கும் போக வேண்டாம்.

எனக்குப் பதவி உயர்வு வந்திருக்கிறது. எதற்காக என்று விளக்கமாகச் சொல்லவில்லை, பொதுவான நன்னடத்தைக்காக என்று நினைக்கிறேன். உனக்குச் சந்தோஷமாக இருக்கும்.

ஜெனீவாவிலிருந்து ஏதாவது வந்ததா? வந்தால் எனக்கு உடனே எழுது. நான் அவனைப் பற்றி நினைப்பதில்லை என்று எண்ணாதே.

முடிந்தால் கம்பளிக் காலுறை அனுப்பு.

உன் ரைன்ஹோல்ட்


ஹால்பர்ஷ்டாட்,
அக்டோபர் 17

மதிப்பிற்குரிய சார்ஜண்ட்-மேஜர் அவர்களுக்கு,

ஜெனீவாவிலிருந்து இன்னும் பதில் இல்லை.

வியாழக்கிழமை மாக்டெபுர்க் ராணுவக் கிடங்கிலிருந்து பட்டறைக்கு ஒரு வண்டி வந்தது. கிடங்கு முழுவதும் கம்பளிக் காலுறை நிரம்பிவிட்டதாம், பாரிஸில் நுழையும் நாள் வரை நம் கையுறைப் பெட்டிகள் நான்கையும் தைத்த இடத்திலேயே வைத்திருக்கச் சொல்லி உத்தரவாம். வண்டிக்காரர் இறக்கும்போது சொன்னார்:

"இதக் கொண்டாந்தவரு ஒங்க வீட்டுக்காரராமே! பெரிய மனுசன்மா. எல்லாரும் போட்டது போட்டபடி ஓடியாந்தப்போ, ஒரு பெட்டிய விடலியாம். யாரையும் வண்டில தொடவே விடலியாம். அதுக்குத்தான் பதவி குடுத்தாங்கன்னு கிடங்குல பேசிக்கறாங்க."

பெண்கள் எல்லோரும் நின்று கேட்டுக்கொண்டிருந்தார்கள். யாரும் என்னைப் பார்க்கவில்லை. அந்த அளவுக்கு நல்ல பெண்கள்.

மூன்றாம் பெட்டியின் முத்திரையை நான்தான் உடைத்தேன். அதிகாரி யாரும் முன்னிலையில் இல்லை, பாரிஸும் முன்னால் இல்லை. விதிப்படி இதைத் தெரிவித்துக்கொள்கிறேன். நீங்கள் மேலிடத்துக்கு எழுதலாம்.

நீங்கள் என் தம்பிக்கு ஸ்பூனால் ஊட்டிய ஜாம் இப்போது என் எதிரே மேசைமேல் இருக்கிறது. மூடியின் மேல் நான் ஊற்றிய மெழுகு அப்படியே இருக்கிறது. ஜெனீவாவிலிருந்து முகவரி வந்தால் அவனுக்கே அனுப்புவேன். வராவிட்டால் இங்கேயே இருக்கும்.

அவன் கேட்டது ஒரு மூலை. அதை மட்டும் நீங்கள் உண்மையாக எழுதியிருப்பீர்கள் என்று நம்புகிறேன். நன்றாக இட்டுக்கட்டத் தெரிந்தவர் தன்னையே குத்தும் அந்த வரியை எழுதியிருக்க மாட்டார்.

உங்கள் குளிர்காலத் துணிகளையும் சவரப் பெட்டியையும் கம்பளிக் காலுறைகளையும் உங்கள் அண்ணன் வீட்டில் கொடுத்துவிட்டேன். விடுமுறை கிடைத்தால் அங்கே இறங்கிக்கொள்ளவும்.

சரக்கைப் பெற்றுக்கொண்டேன் என்பதற்கு இந்தக் கடிதமே சான்று. பெட்டிகள் நான்கும் முழுதாக வந்து சேர்ந்தன. ஒரு கையுறைகூட அழுக்காகவில்லை.

ஒட்டிலி ப்ராண்டெஸ்
கண்காணிப்பாளர், லூடெக்கே கையுறைப் பட்டறை