விளக்குக்கு ஒரு நிலையான எண்

அன்புள்ள மருமகளுக்கு,

அத்தை எழுதுகிறேன். உடம்புக்கு ஒன்றுமில்லை, உறையைப் பார்த்ததும் பதறாதே. பத்து வருடத்தில் உன் பெயருக்கு வரும் என் முதல் கடிதம் இது. இதுவரை என் மகனுக்கு எழுதி, கடைசி வரியில் உன்னைக் கேட்டதாகச் சொல்லச் சொல்வேன். நீயும் அவன் வழியாகத்தான் பதில் சொல்வாய்.

இன்று காலை ஆறு பத்துக்கு என் விளக்கைத் தொட்டேன். தண்ணீர் கொதிப்பதற்குள் அது மறுபடி ஒளிர்ந்தது. அங்கே நீ தொட்டிருக்கிறாய். திருப்தி.

ஒன்றைத் தொட்டால் மற்றொன்று ஒளிரும் இந்த ஜோடி விளக்குகளைச் செய்த நிறுவனம் கடையை மூடி இரண்டும் இருண்டுபோனபோது, என் மகன் அன்றே முதியோர் விடுதிக்குப் பேசிவிட்டான். காலையில் தன் வீட்டு விளக்கு எரிந்தால்தான் அம்மா இந்த வீட்டில் தனியாக இருக்கலாம் என்பது அவன் போட்ட நிபந்தனை. நீதான் தடுத்தாய். "நடுவுல கம்பெனி எதுக்கு அத்தை? உங்க விளக்கும் எங்க விளக்கும் நேரா பேசிக்கட்டும். உங்க இன்டர்நெட் ரவுட்டர்ல ஒரே ஒரு போர்ட்டை, ஒரு சின்ன வாசல் மாதிரி, திறந்தா போதும்" என்றாய்.

திறந்த வழியில் யார் யாரெல்லாம் நுழைவார்கள் என்று வக்கீலைப் போல் குடைந்தேன். நீ சலித்துக்கொள்ளவில்லை. "ரவுட்டர் ஒரு வாட்ச்மேன் மாதிரி அத்தை. எங்க விளக்கு இந்த நம்பரைச் சொல்லித் தட்டினா மட்டும் உங்க விளக்குகிட்ட அனுப்பும். அந்த வழியிலேயே ரெண்டும் பேசிக்கும். வேற யாரு தட்டினாலும் காது கேக்காத மாதிரி இருந்துக்கும்." இவ்வளவு தெளிவாக எனக்குப் பாடம் எடுத்தவர்கள் குறைவு. ஒன்றரை மணி நேரம் நீ தொலைபேசியில் சொல்லச் சொல்ல, நான் ஒரு விரலால் தட்டினேன். எண்களை விழுங்காமல் சொல் என்று இரண்டு முறை அதட்டியதும் நினைவிருக்கிறது.

பத்தொன்பது நாள் குறையில்லாமல் ஓடியது. பிறகு அந்த ஞாயிற்றுக்கிழமை. பக்கத்து வீட்டுத் தையல்காரம்மா, கழுத்தில் அளவு நாடாவோடு, கதவை உடைப்பதுபோல் தட்டினாள். "உயிரோட இருக்கீங்களாம்மா? உங்க பையன் ஃபோன் பண்ணி அழுவுறாரு" என்றாள். பல் தேய்க்கும்போது சாகிற பழக்கம் எனக்கில்லை என்று சொல்லி அனுப்பினேன். என் விளக்கை வழக்கம்போல் தொட்டிருந்தேன். ஞாயிறுகளில் உங்கள் பதில் தாமதமாகத்தான் வரும்; உங்களுடையது எரியவில்லை என்று எனக்கு எப்படித் தெரியும்?

சற்று நேரத்தில் அவன் என்னை அழைத்தான். "பார்த்தியா உன் போர்ட்டு லட்சணத்தை" என்று உன்னிடம் சொன்னது ஸ்பீக்கரில் எனக்கும் கேட்டது. அடுத்த மாதம் வந்து என்னை விடுதியில் சேர்த்துவிடுவதாகச் சொன்னான். நீ ஒன்றே ஒன்றுதான் கேட்டாய்: "அத்தை, நேத்து கரண்ட் போச்சா?" நான், "போயிருக்கும்" என்றேன்.

போகவில்லை.

'அணைக்காதே' என்று நீ எழுதச் சொன்ன தாளை என் கையாலேயே எழுதி ரவுட்டர் மேல் ஒட்டியிருந்தேன். சனிக்கிழமை தூசி தட்டும்போது அந்தத் தாளையும் துடைத்தேன், எல்லா பிளக்கையும் பிடுங்கித் துடைத்தேன், டிவியை முதலில் செருகினேன். வீட்டுக்குள் ரவுட்டர் விளக்குக்குக் கொடுத்திருந்த எண்ணை டிவி பிடித்துக்கொண்டது. நீங்கள் தட்டியதெல்லாம் டிவிக்குப் போய், அது திருதிருவென்று விழித்துக்கொண்டு நின்றிருக்கிறது.

அன்று மாலையே நீ கண்டுபிடித்துவிட்டாய். "முதல்ல வர்றவங்களுக்கு ரவுட்டர் நம்பரைக் கொடுத்துடுது அத்தை. விளக்குக்குன்னு ஒண்ணை நிரந்தரமா எழுதி வச்சிடணும். நான் மொதல்லயே செஞ்சிருக்கணும், என் தப்புதான்" என்றாய். சிறுவயதில் நான் படித்த கான்வென்ட் விடுதியில் என் எண் பதினான்கு. துண்டு, போர்வை, காலுறை, எல்லாவற்றிலும் தைத்திருக்கும். இரண்டு வாரம் நோயறையில் கிடந்தபோதும் அந்தக் கட்டிலில் வேறு யாரையும் படுக்க விடவில்லை. அதைத்தான் நீ விளக்குக்குக் கொடுத்திருக்கிறாய். பிறகு நானே மூன்று முறை பிளக்கைப் பிடுங்கிச் சோதித்தேன். ஒவ்வொரு முறையும் விளக்கு தன் எண்ணுக்கே திரும்பியது. நல்ல வேலை என்றால் அது.

ஆனால் அன்று திரையில் இருப்பதை வரிவரியாக வாசிக்கச் சொன்னாய். 'சனிக்கிழமை 10.42, ரவுட்டர் மீண்டும் தொடங்கியது' என்று நானே வாசித்தேன். மின்சாரம் போனாலும் அது அணையக் கூடாதென்று தனி பேட்டரி அனுப்பியவள் நீ; கையால் பிடுங்கினால்தான் அது அணையும். நேரத்தை மட்டும் இன்னொரு முறை கேட்டாய். பிறகு, "சரி அத்தை, அடுத்த வரி" என்றாய்.

அந்த நொடியில் உனக்கு எல்லாம் தெரிந்துவிட்டது. ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் பழி உன்னை விட்டுப் போயிருக்கும், என் வீடும் என்னை விட்டுப் போயிருக்கும். பக்கத்தில் அவன் நின்றுகொண்டிருந்தான். நீ சொல்லவில்லை.

எங்கள் பள்ளியில் தவறை வாயால் ஒப்புக்கொண்டால் செல்லாது. எழுதிக் கையெழுத்திட்டுத் தர வேண்டும். தந்துவிட்டேன். இதை அவனிடம் காட்டு. அவன் வரட்டும், விடுதி பற்றி அவனோடு நானே பேசிக்கொள்கிறேன். என்னை இங்கிருந்து கிளப்புவது அவ்வளவு சுலபமில்லை. அப்படியே நான் தோற்றாலும், உன் வேலையைப் பழித்த வார்த்தையை அவன் உன்னிடம் திருப்பி வாங்கிக்கொள்ள வேண்டும். அதில் நான் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

இன்னொன்று. கல்யாணமான புதிதில் நீ எழுதிய கடிதத்தைச் சிவப்பு மையில் திருத்தித் திருப்பி அனுப்பினேன். அதன் பிறகு நீ எழுதவே இல்லை. இதற்கு அவன் மூலம் பதில் சொல்லாதே அம்மா. நேராக எனக்கு எழுது. எப்படி எழுதினாலும் சரி. இந்த வீட்டில் இப்போது சிவப்புப் பேனா கிடையாது.

நீ நெடுநாள் நன்றாக இருக்க வேண்டும்.

உன் அத்தை